செவிப்பறையும் நம் அசட்டையும்

(நம் சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



இக்கூட்டத்தில் யாதேனும் ஓர் இலக்கியப் பொருள் பற்றிப் பேசுக என்று காரியதரிசியவர்கள் எனக்குக் கட்டளையிட்டார்கள். தமிழாசிரியன் ஒருவனிடம் அதனை எதிர்பார்த்தல் இயல்பே. ஆயினும் இலக்கியம் கேட்டற்குரியது. கேட்டற்குக் காது வேண்டும். ஆதலின் இம்முறை அக்காதினைப் பற்றியே பேசுவேன் என்று விண்ணப்பித்துக்கொண்டேன். யான் வைத்தியன் அல்லேன். டாக்டர்களிடம் கேட்டும், நூல்களிற் கற்றும் தெளிந்தனவும், பள்ளியிலும் என் சுற்றத்தாரிடையும் கண்கூடாகக் கண்டனவும் ஆகியவற்றையே சொல்லப் புகுகின்றேன். பிழை காணின் பொறுத்தருள்க.

தொல்காப்பியனார் மரபியலில் உயிர்களை ஓரறிவுயிர் முதலாக வகுத்துக்கொண்டு வருகின்றார். ஊறு, சுவை, நாற்றம், காட்சி என ஒவ்வோர் அறிவாக ஏறி, ஐந்தாவதாகவே செவியறிவை வைக்கின்றார். அதற்குமேல் உள்ளது மனம் ஒன்றே. மனத்திற்கு அடுத்த படியில் நிற்பது செவி என்பது இதனாற் பெறப்படும். வள்ளுவனாரும் கல்வி, கல்லாமை என்னும் அதிகாரங்களையடுத்துக் கேள்விக்கென ஓர் அதிகாரம் வகுத்தார். இத்துணைச் சிறப்பு வாய்ந்த பொறியை நாம் எவ்வாறு பேணுகின்றோம்? கண்ணில் ஒரு தூசி விழுந்தால் ஊரைக் கூட்டுகின்றோம். காது ஆறு மாதம் வடிந்தாலும் ஒரு பஞ்சைச் செருகிக்கொண்டு திரிகின்றோம்.

காதின் அமைப்பை முதலில் சிறிது கூறுவேன். வெளியே தெரியும் மடலினின்று உள்ளே செல்லும் குழல், வளர்ந்தோர்க்கு ஏறத்தாழ 25 மில்லிமீட்டர் நீளமுள்ளது. அஃதாவது ஓரங்குல அளவினது. அதன் முடிவில் குறுக்கே ஒரு மெல்லிய சவ்வு இழுத்துக் கட்டப்பட்டிருக்கின்றது. அதுவே செவிப்பறை, காது ஜவ்வு என்று வழக்கில் சொல்லுவர். குறுக்களவு சுமார் 9 மில்லிமீட்டர். கனம் ஒரு மில்லிமீட்டரிற் பத்திலொரு பங்கு. ஏறக்குறைய நாம் எழுதும் காகிதத்தின் தடிப்பே அது. பறை என்னும் சொற்கு முழவு என்றும், சொல் என்றும் இருபொருள் உண்டு. பிறர் சொல்லைத் தான் ஏற்று அதிரும் இச்சவ்விற்குச் செவிப்பறை என்று பெயரிட்டோர் இரண்டையும் கருதினார் போலும்.

பறைக்குப் பின்னே காற்று நிறைந்த சிற்றறை ஒன்று உளது. அதனுள் சுத்தி, பட்டடை, அங்கவடி என்பவற்றின் உருவத்தையுடைய மூன்று சிற்றெலும்புகள் சங்கிலிபோலக் கோக்கப்பட்டிருக்கின்றன. அங்கவடி எலும்பே நம் உடம்பின் எலும்புகள் எல்லாவற்றினும் சிறியது. மூன்று மில்லிமீட்டர் அளவினது. அதன் அடித்தட்டு, நத்தையோடு போன்ற உட்செவியின் வாயிலில் பொருந்தியிருக்கும். உட்செவியில் நிறைந்திருப்பதோ நீர். காற்றில் வரும் ஒலி நேரே நீரின்மேல் பட்டால் பெரும்பாலும் திரும்பிப் போய்விடும். குளத்தில் மூழ்கினவனுக்குக் கரையில் நின்று கூப்பிடுவது கேளாதது இதனாலேயே. இவ்விடரை நீக்கவே செவிப்பறை அமைந்தது. அதன் அதிரும் பரப்பு அங்கவடியின் தட்டினும் ஏறத்தாழ 17 மடங்கு பெரிது. பெரும்பரப்பில் வாங்கிய அழுத்தத்தைச் சிறுபரப்பில் குவித்து நீரினுள் செலுத்துகின்றது. உட்செவி ஒலியை எங்ஙனம் பகுத்தறிகின்றது என்று ஆராய்ந்த பெக்கேஸி என்பார்க்கு 1961-இல் நோபெல் பரிசு வழங்கப்பட்டது. பறையில் ஒரு துளை விழுந்தால், அல்லது அதன் பின்னறையில் காற்றிற்குப் பதிலாக நீர் தேங்கினால், இவ்வியந்திரம் தளர்ந்துபோகும் என்பதை மட்டும் ஈண்டு மனத்திற் கொள்க.

அச்சிற்றறையிலிருந்து மூக்கின் பின்புறத்திற்கு ஒரு நுண்குழல் செல்கின்றது. 16-ஆம் நூற்றாண்டினரான யூஸ்டேக்கி என்னும் இத்தாலிய வைத்தியர் பெயரால் அது வழங்கும். நாம் விழுங்கும்போதும் கொட்டாவி விடும்போதும் அது திறந்து காற்றைச் சமன் செய்யும். மலைப்பாதையில் பேருந்து ஏறும்போது காது அடைத்து, எச்சில் விழுங்கியவுடன் திறப்பதை எல்லோரும் அறிவோம். குழந்தைகட்கு இக்குழல் குட்டையாகவும், சாய்வின்றிக் கிடையாகவும் இருக்கின்றது. ஆதலின் சளி பிடித்த குழந்தைக்கு மூக்கிலுள்ள கிருமி காதிற்கு எளிதில் ஏறிவிடுகின்றது. குழந்தையை மல்லாக்கக் கிடத்திப் பாட்டிலில் பால் புகட்டுவதும், வீட்டினுள் புகை பிடிப்பதும் இதனை மிகுவிக்கும். நள்ளிரவில் குழந்தை வீறிட்டழுது காதைப் பிடித்து இழுக்கும், காய்ச்சல் அடிக்கும். விடியற்காலையில் அழுகை நின்று, தலையணையில் சீழ் கறை காணப்படும். வலி நின்றது என்று வீட்டார் மகிழ்வர். வலி நின்றது பின்னறையிற் கட்டிய சீழ் பறையைத் துளைத்துக்கொண்டு வெளிவந்தமையால்! அன்றே வைத்தியரிடம் காட்டித் தக்க மருந்து கொடுப்பின் அத்துளை பெரும்பாலும் தானே கூடிவிடும். காட்டாது விட்டு, சளி பிடிக்குந்தோறும் வடிந்து வடிந்து வருமாயின், துளை நிலைத்துவிடும்.

இனி, யான் மறைக்க விரும்பாத ஒரு செய்தியைச் சொல்லுகின்றேன். எட்டாண்டுகட்கு முன் என் ஆறாம் வகுப்பில் ஒரு மாணவன் இருந்தான். பார்த்தெழுதச் சொன்னால் முத்துப்போல எழுதுவான். சொல்வதெழுதுதலில் மட்டும் பிழை மலிந்திருக்கும். சொல்லின் இறுதி மெய் விட்டுப்போகும். 'மரம்' என்றால் 'மர' என்றிருக்கும். 'கண்' என்பதும் 'கல்' என்பதும் அவனுக்கு ஒன்றே. முகம் நோக்கிக் கேட்டால் விடை சொல்வான். யான் கரும்பலகைப் பக்கம் திரும்பிக்கொண்டு கேட்டால் வாளா இருப்பான். இருபதாண்டு ஆசிரியத் தொழில் புரிந்தவன், இலக்கணம் கற்றவன், இதன் பொருளை உணர்ந்திருக்க வேண்டும். யானோ கவனமில்லாதவன் என்று முடிவு செய்து, தண்டனையாக அவனைக் கடைசிப் பலகைக்கு மாற்றினேன். மந்தபுத்தி என்று பலர் கேட்கச் சொன்னதும் உண்டு. அச்சொல் அவன் காதில் விழுந்திராது என்று பின்னாளில் என்னைத் தேற்றிக்கொள்ள முயன்றேன். ஆனால் அவன் உதட்டைப் பார்த்தே பொருள் கொள்ளுபவன்.

ஒரு நாள் அவனுடைய பாட்டியார் பள்ளிக்கு வந்தார். "அவனுக்குச் சின்ன வயசிலிருந்தே காது வடியும் ஐயா. பெரியவனானா நின்னுடும்னு சொன்னாங்க" என்றார். அப்பொழுதுதான் அவன் இருகாதிலும் பஞ்சு இருந்ததைக் கண்டேன். அதுவரை கண்ணிற் படாதிருந்ததோ, பட்டும் மனத்திற் படாதிருந்ததோ, அறியேன். அரசினர் ஆஸ்பத்திரியில் காது மூக்குத் தொண்டைப் பிரிவிற்கு அழைத்துச் சென்றோம். இருபறையிலும் துளை என்றார் டாக்டர். முதலில் வடிதலை நிறுத்தி, பின்னர் ஒரு காதிற்கும், அடுத்த ஆண்டில் மற்றொன்றிற்கும் சத்திர சிகிச்சை செய்தார்கள். காதிற்குமேல் நெற்றிப்பொட்டின் தசையைப் போர்த்தியிருக்கும் மெல்லிய சவ்வில் சிறிது எடுத்துத் துளையில் ஒட்டுப்போடுவது அச்சிகிச்சை. பறையையும் அதன் பின்னுள்ள எலும்புகளையும் சீர்செய்து கேள்வியை மீட்கும் இம்முறையை 1950-களின் தொடக்கத்தில் வுல்ஸ்டைன், ஸோல்னர் என்னும் ஜெர்மானிய வைத்தியர் இருவர் வகுத்து நிலைபெறச் செய்தனர். இன்று நம் மாவட்டத் தலைமை ஆஸ்பத்திரிகளில் இது நடைபெறுகின்றது. அம்மாணவன் இப்பொழுது பாலிடெக்னிக்கில் படிக்கின்றான். என்னைக் கண்டால் வணங்குகின்றான். யான் அவன் முகத்தை நேரே நோக்குவதற்குச் சில காலம் ஆயிற்று.

நம்மவர் காதணி விழாவிற்குச் செய்யும் செலவை இவ்விடத்தில் நினைக்கின்றேன். பந்தல், அழைப்பிதழ், மொய், தாய்மாமன் சீர், ஒலிபெருக்கி! இவற்றை யான் குறைகூறவில்லை. என் பிள்ளைகட்கும் செய்தவனே. ஆனால் மடலிற் பொன் அணிவிக்கும் அந்நாளிலேனும் அக்காதினுள்ளே என்ன இருக்கின்றது என்று எவரும் பார்ப்பதில்லை. அதே நாளில் ஒலிபெருக்கியின் வாயருகே குழந்தையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கின்றோம்.

காதினுள் பொருள்களை விடுதலிலும் நாம் வல்லவர். குறும்பி என்னும் செவியழுக்கை அழுக்கென்று கருதுதலே பிழை. அது தூசியையும் பூச்சியையும் தடுத்துக் குழலின் தோலைக் காக்கும் மெழுகு. வாய் அசையுந்தோறும் தானே சிறிது சிறிதாக வெளியே வந்துவிடும். அதனை வெளிக்கொணர்வதாக எண்ணிக்கொண்டு கொண்டையூசி, தீக்குச்சி, கோழியிறகு, சாவி, பட்ஸ் என்று கடையில் விற்கும் பஞ்சுக்குச்சி முதலியவற்றை விடுதலால், வெளிவர இருந்தது உள்ளே தள்ளப்பட்டுப் பறையின்மேல் அடைந்துகொள்ளுகின்றது. ஒருவர் பஞ்சுக்குச்சி விட்டுக்கொண்டிருக்கையில் பின்னால் ஓடிவந்த குழந்தை முழங்கையில் இடித்தமையால் பறை கிழிந்த செய்தியை யான் நேரே அறிவேன்.

எண்ணெய் காய்ச்சி ஊற்றுதல், பூண்டுச் சாறு பிழிதல், தாய்ப்பால் விடுதல் என்பன நம் வீடுகளில் இன்னும் உள. முன்னோர் செய்ததன்றோ என்பீர்கள். முன்னோர்க்குக் காதினுள்ளே விளக்கிட்டுப் பார்க்கும் கருவி இருந்ததில்லை, நமக்கு உண்டு. பறையில் துளையிருக்கும்போது ஊற்றிய எண்ணெய் குழலோடு நில்லாது. பின்னறைக்குச் சென்று கிருமிக்கு விருந்தாகும். கடைக்காரர் கொடுக்கும் சொட்டு மருந்தும், அடுத்த வீட்டார் மிச்சம் வைத்த புட்டியும் அத்தகையனவே. சில சொட்டு மருந்துகள் துளையின் வழியே உட்செவி நரம்பைச் சென்று தாக்கும் இயல்பின. ஆகவே பறை முழுமையாக உள்ளதா என்று வைத்தியர் பார்த்த பின்னரே எதனையும் காதில் விடுதல் தகும்.

நோயாலன்றி அடியாலும் பறை கிழிவதுண்டு. 'செவிட்டில் ஒன்று விட்டேன்' என்று நம் ஊர்களில் பெருமையாகச் சொல்லுவர். அச்சொல்லிலேயே செவிடு நிற்பதை யாரும் கவனிப்பதில்லை. விரித்த கை காதின்மேல் விழும்போது குழலிலுள்ள காற்று அழுந்திப் பறையைக் கிழிக்கும். பள்ளியில் மாணவரை அடித்தல் 2009-ஆம் ஆண்டின் கல்வியுரிமைச் சட்டத்தின் 17-ஆம் பிரிவினால் விலக்கப்பட்டது. வீட்டில் கைநீட்டுவோர்க்கு அவ்விலக்கு இன்னும் எட்டவில்லை. கிணற்றில் பக்கவாட்டில் விழுந்து காது நீரில் அறைபடுதலும், தீபாவளியில் பக்கத்தில் வெடி வெடித்தலும் இத்தகையனவே. வெடிகளின் ஓசை, வெடிக்குமிடத்திலிருந்து 4 மீட்டர் தூரத்தில் 125 டெசிபலுக்கு மேற்படலாகாது என்பது 1999-இல் நம் நாட்டில் ஏற்பட்ட விதி. நம் பிள்ளைகளோ 4 மீட்டருக்கு அப்பால் நிற்பதையே வீரமின்மை என்று கருதுகின்றார்கள்.

அடியால் கிழிந்த பறை, பெரும்பாலோர்க்குச் சில வாரங்கள் முதல் இரண்டு மூன்று மாதங்களுக்குள் தானே கூடிவிடும். அதற்கு நாம் செய்ய வேண்டுவது யாதொன்றும் உள்ளே விடாதிருத்தலே. நீர் புகலாகாது. குளிக்கும்போது பஞ்சில் வாசலின் தடவி வெளிவாயிலை அடைத்துக்கொண்டு, அவ்வேலை முடிந்தவுடன் எடுத்துவிடல் வேண்டும். தலைமுழுக்கும் நீச்சலும் ஆகா. மூக்கை வலிந்து சிந்தலாகாது. கூடியதா என்பதை வைத்தியர் பார்த்துச் சொல்லுதல் வேண்டும். வலி இல்லாமையைக்கொண்டு நாமே முடிவு செய்தல் கூடாது.

வடியும் காதுகளில் ஒருவகை மிகக் கொடிது. சீழ் சிறிதே வரும். ஆனால் துர்நாற்றம் பொறுக்கவொண்ணாது. பறையின் தோல் உள்நோக்கி வளர்ந்து, உதிர்ந்த தோல் ஓரிடத்தில் குவிந்து பெருத்து, அருகிலுள்ள எலும்புகளை அரித்துக்கொண்டே போகும். வலி பெரிதும் இராது, அதுவே வஞ்சகம். காதின் கூரைக்கு மேலே மூளை இருக்கின்றது. பக்கத்தில் முகத்தை அசைக்கும் நரம்பு ஓடுகின்றது. காது வடியும் ஒருவர்க்குக் காய்ச்சலோடு கடுந்தலைவலி, தலைசுற்றல், வாய் ஒருபுறம் கோணுதல், காதின் பின்னே வீங்கிச் சிவத்தல் என்பவற்றுள் ஒன்று தோன்றினும், நாள் நட்சத்திரம் பாராது அந்நேரமே பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோதல் வேண்டும். சர்க்கரை நோயுள்ள முதியோர்க்கு இரவில் உறங்கவொண்ணாத காதுவலி வருமாயின் அதுவும் அவ்வாறே.

இங்ஙனம் அறிந்திருந்தும் மறைப்போர் உளர் என்பதை இச்சபையிற் சொல்லாமற் போவேனாயின் என் பேச்சு பயனற்றதாகும். சங்கத்தின் வரன் பதிவேட்டில் பெயர் எழுதியிருக்கும் பெண்மக்களைப் பெற்றோர் சிலர், மகளுக்குக் காது வடிவதை வெளியே தெரியாமற் காக்கின்றார்கள். 'ஆப்பரேஷன் என்றால் ஊருக்குத் தெரிந்துவிடும். கல்யாணம் முடியட்டும்' என்கின்றார்கள். கல்யாணம் முடிந்த பின் புக்ககத்தில் எவ்வாறு சொல்லுவது என்று அப்பெண் மறைக்கின்றாள். பிள்ளைப்பேறு, வளர்ப்பு என்று மேலும் ஐந்தாறாண்டுகள் கழிகின்றன. முன்னே ஒட்டுப்போட்டுச் சீராக்கியிருக்கக்கூடிய காது, பின்னே எலும்பைச் சுரண்டியெடுக்கும் பெருஞ்சிகிச்சைக்கு வருகின்றது. கேள்வியும் முன்போல மீள்வதில்லை. மணமகன் வீட்டாராகிய நாம் இதனை ஒரு குறையாக எண்ணிப் பேசுவதாலன்றோ அவர்கள் மறைக்கின்றார்கள்? காது வடிதல் குலத்தோடு வரும் களங்கம் அன்று. சளியினால் வந்த புண். பல்லைப் பிடுங்கிக்கொண்ட பெண்ணை எவரும் விலக்குவதில்லை. என் தம்பி மகனுக்குப் பெண் பார்த்தபோது பெண்வீட்டார் இதனை ஒளியாமற் சொன்னார்கள். சிகிச்சை முடியும்வரை நாள் தள்ளி வைத்து மணம் நடத்தினோம். சொன்னவர்களுக்கும் கேட்டவர்களுக்கும் யாதொரு குறைவும் வரவில்லை.

வலியின்றி வரும் காது மந்தத்தைப் பற்றியும் சிறிது கூறவேண்டும். சில குழந்தைகட்குச் சளி போன பின்னும் பறையின் பின்னே பிசின் போன்ற நீர் தங்கிவிடும். சீழும் வாராது, அழுகையும் இராது. அழைத்தால் திரும்பாமையும், தொலைக்காட்சியை ஓங்க வைத்தலும், வாய் திறந்து உறங்குதலுமே அடையாளம். பெரும்பாலும் மூன்று மாதத்திற்குள் தானே வடிந்துபோம். போகாவிடின் பறையில் நுண்குழாய் வைத்து வடியச் செய்வர். அம்முறை 1954 முதல் வழக்கிலுள்ளது. பிறந்த குழந்தைக்குக் கேள்வி உண்டா என்று இப்பொழுது சில நிமிடங்களில் கருவிகொண்டு கண்டறியலாம்; ஓராண்டு கடந்தும் மழலை தோன்றாத குழந்தையை 'அப்பனைப்போல மெதுவாகப் பேசுவான்' என்று விட்டுவைத்தல் பெருந்தீங்கு. வளர்ந்தோர்க்கு ஒரு காது மட்டும் அடைத்தோ, இரைந்தோ, மந்தித்தோ பல நாள் நீடிக்குமாயின் அதற்குள்ளே வேறு கட்டி முதலியன இல்லையென்று தெளிந்துகொள்ளல் வேண்டும்.

எல்லாவற்றினும் விரைவு வேண்டுவது ஒன்றுண்டு. என் சிற்றப்பா ஒருநாள் உறங்கி எழுந்தபோது இடக்காது முற்றும் கேளாதிருந்தது. உள்ளே ஓயாத இரைச்சல். வலியில்லை. குறும்பி அடைத்தது என்று எண்ணி ஐந்து வாரம் சொட்டு மருந்து விட்டுக்கொண்டிருந்தார். பின்னர் டாக்டர் பார்த்தபோது பறை கண்ணாடிபோலத் தெளிவாக இருந்தது. குற்றம் பறையில் இல்லை; உட்செவி நரம்பில். இத்தகைய திடீர்ச் செவிட்டிற்கு ஸ்டீராய்டு என்னும் மருந்தை முதற் சில நாட்களில், பிந்தினால் இரண்டு வாரத்திற்குள், தொடங்கினால் மீள்வதற்கு வழியுண்டு. அவர் வந்தது அவ்வெல்லை கடந்த பின். இன்றும் அவர் பேசுவோரின் இடப்புறத்தையே தேடி அமர்கின்றார். வலக்காது மட்டும் அவர் பக்கம் இருக்கும்பொருட்டு.

இவ்விரண்டையும் வேறுபடுத்த ஒரு சிறு சோதனை உண்டு. வாயை மூடிக்கொண்டு 'ம்' என்று நீட்டி ஒலித்துப் பார்க்க. அவ்வொலி மந்தமான காதிலே உரத்துக் கேட்குமாயின் தடை குழலிலோ பறையிலோ இருத்தல் கூடும். நல்ல காதிலே கேட்குமாயின் நரம்பிற் குற்றம் இருக்கலாம். அன்றே வைத்தியரிடம் ஓடுதல் வேண்டும். டாக்டர்கள் இசைக்கவையை நெற்றியில் வைத்துச் செய்யும் சோதனையும் இதுவே. இதனைக் கொண்டு வைத்தியரைத் தவிர்க்கலாம் என்று கொள்ளற்க. திடீரெனக் கேட்காமற் போனவர் எக்காது ஒலித்தாலும் ஓரிரு நாளுக்குள் காட்டியே தீரவேண்டும்.

முதியோர்க்கு இருகாதும் மெல்ல மெல்ல மந்தித்தல் இயற்கை. அதற்குக் காதிற் பொருத்தும் கருவி உண்டு. மூக்குக்கண்ணாடி அணிய நாணாத நம் பெரியோர்கள் இதற்கு மட்டும் நாணுகின்றார்கள். முன்வரிசையில் அமர்ந்து, யான் சொல்லுவது விளங்காமலே தலையசைத்துக்கொண்டிருக்கும் பெரியவர்கள் மூவரை இப்பொழுதே காண்கின்றேன். அவர்கள் பெயரைச் சொல்லேன்.

நம் சங்க விடுதியில் 46 மாணவர்கள் தங்கியிருக்கின்றார்கள். சென்ற வாரம் அவர்களுள் ஒவ்வொருவரையும் யான் முதுகு திருப்பி நிறுத்தி, ஐந்தடி தூரத்தினின்று மெல்லிய குரலில் சில சொற்களைச் சொல்லித் திருப்பிச் சொல்லச் செய்தேன். ஐவர் தடுமாறினார்கள், வேறிருவர் காது வடிவதாகத் தாமே ஒப்புக்கொண்டார்கள். எழுவர் பெயரும் எழுதிய தாளைக் காரியதரிசியவர்களிடம் கொடுத்திருக்கின்றேன். வருகின்ற திங்கட்கிழமை காலை எட்டு மணிக்கு அவர்களை அரசினர் ஆஸ்பத்திரிக்கு அழைத்துச் செல்லுகின்றோம். அன்று பள்ளியுண்டாதலின் பத்து மணிக்கு மேல் என்னால் அங்கே இருத்தல் இயலாது. உடனிருக்க இருவர் வேண்டும். கூட்டம் கலையுமுன் பெயர் கொடுக்க வேண்டுகின்றேன்.